சிறுநீரகம் அமிலத்தைத் தள்ள மறந்தால்

பால்மரத் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு ஒரு செய்தி நன்றாகத் தெரியும். விடியற்காலையில் வெட்டிய பால் மங்கிலிருந்து வாளிக்கு வருகிறது. அது ஸ்டோருக்குப் போய்ச் சேருவதற்குள் உறைந்துவிட்டால் அன்றைய உழைப்பு வீணாகிவிடும். அதனால் பாலில் கொஞ்சம் அமோனியா கலப்பார்கள். பிறகு பாலைத் தகடாக்க வேண்டிய நேரம் வரும்போது பார்மிக் ஆசிட் ஊற்றுவார்கள், பால் உறைந்துவிடும். அமிலம் ஏறினால் பால் தன் நிலை மாறும்; அமிலத்தை அடக்கி வைத்தால் பால் பாலாகவே இருக்கும். இன்று நம் வட்டாரத்தில் பல தோட்டங்கள் செம்பனைக்கு மாறிவிட்டன. ஆனாலும் சுங்கை சிப்புட் பக்கத்துப் பெரியவர்கள் யாரைக் கேட்டாலும் இந்தப் பாடத்தைச் சொல்லுவார்கள்.

நம் உடம்பிலும் இதே கணக்குத்தான் நடக்கிறது. நம் இரத்தம் மிகச் சிறிய அளவில் காரத்தன்மை உடையது. அமிலம், காரம் ஆகியவற்றை அளக்கும் அளவுகோலில் 7 என்பது நடுநிலை. இரத்தம் எப்பொழுதும் 7.35-க்கும் 7.45-க்கும் இடையிலேயே நிற்க வேண்டும். நாம் உண்ணும் உணவு எரிந்து சக்தியாகும்போது, நாள்தோறும் அமிலம் உண்டாகிக்கொண்டே இருக்கிறது. அந்த அமிலத்தை வெளியே தள்ளி, இரத்தத்தை அந்தக் குறுகிய எல்லைக்குள் காத்து நிற்கும் காவலாளிகள் இருவர். ஒன்று நுரையீரல், மற்றொன்று சிறுநீரகம். சிறுநீரகம் என்னும் காவலாளி தன் கடமையில் தவறும்போது உண்டாகும் ஒரு நோயைப் பற்றித்தான் இன்று பேசப்போகிறேன். மருத்துவர்கள் இதனை ரீனல் டியூபுலர் அசிடோசிஸ் என்பார்கள். நாம் தமிழில் சிறுநீரக நுண்குழல் அமிலத் தேக்கம் என்று சொல்லலாம்.

பெயர் நீளமாக இருக்கிறதே, இது நமக்கு எதற்கு என்று நீங்கள் நினைக்கலாம். நானும் ஒரு காலத்தில் அப்படித்தான் இருந்தேன். என் வகுப்பில் படித்த ஒரு சிறுமிதான் என் அறியாமையைப் போக்கினாள்.

அவள் மூன்றாம் ஆண்டு மாணவி. வகுப்பிலேயே மிகவும் குள்ளம். முதலாம் ஆண்டுப் பிள்ளைகளோடு நிறுத்தினால் வேறுபாடு தெரியாது. கால்கள் சற்றே வளைந்திருந்தன. அரை மணிக்கு ஒரு முறை எழுந்து, "சார், தண்ணி குடிக்கப் போகலாமா?" என்பாள். திரும்பி வந்ததும், "சார், கழிவறைக்குப் போகணும்" என்பாள். நண்பகலுக்குள் மேசைமேல் தலை வைத்துத் தூங்கிவிடுவாள். படிக்க விருப்பமில்லாத பிள்ளையின் தந்திரம் இது என்று நான் முடிவு கட்டினேன். பலமுறை கண்டித்தேன். வீட்டிலோ பாட்டி, "கண்ணு பட்டுப் போச்சு" என்று சுற்றிப் போட்டார். தாய் சத்து மாவு வாங்கிக் கொடுத்தார். தகப்பனார், "எங்க வம்சமே குட்டைதான், சார்" என்று சொல்லிவிட்டார்.

ஒரு நாள் காலையில் அவளால் படுக்கையைவிட்டு எழ முடியவில்லை. கைகால்கள் துவண்டு கிடந்தன. மருத்துவமனையில் இரத்தத்தைச் சோதித்தபோது பொட்டாசியம் என்னும் உப்பு மிகவும் இறங்கியிருந்தது, அமிலம் ஏறியிருந்தது. வயிற்றை ஸ்கேன் எடுத்துப் பார்த்தபோது இரண்டு சிறுநீரகங்களிலும் சுண்ணாம்பு படிந்திருந்தது. அன்றுதான் நோயின் பெயர் தெரிந்தது. தண்ணீர் கேட்டதும், கழிவறைக்குப் போனதும், தூங்கி விழுந்ததும் அனைத்தும் நோயின் அடையாளங்கள். அவற்றை நாள்தோறும் ஐந்து மணி நேரம் கண்ணெதிரே பார்த்தவன் நான். என்ன பயன்? எனக்குத் தெரிந்திருக்கவில்லை. உங்களுக்காவது தெரிந்திருக்கட்டும் என்பதற்காகவே இந்தப் பேச்சு.

சிறுநீரகம் எப்படி வேலை செய்கிறது?

நம் முதுகுப்புறத்தில், விலா எலும்புகளின் கீழ்ப்பகுதியை ஒட்டி, இரண்டு சிறுநீரகங்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றும் நம் கைமுட்டி அளவுதான். ஒவ்வொரு சிறுநீரகத்திலும் ஏறத்தாழ பத்து லட்சம் வடிகட்டும் அலகுகள் உள்ளன. ஒவ்வோர் அலகிலும் ஒரு சல்லடையும், அதைத் தொடர்ந்து நூலினும் மெல்லிய ஒரு குழலும் இருக்கும். சல்லடை வழியாக ஒரு நாளில் வடியும் நீர் சுமார் 180 லிட்டர். அவ்வளவும் சிறுநீராகப் போய்விட்டால் நாம் ஒரு மணி நேரம்கூட உயிர் வாழ முடியாது. ஆகவே அந்த நுண்குழல், உடம்புக்கு வேண்டிய நீரையும் உப்பையும் சர்க்கரையையும் திரும்ப உறிஞ்சி இரத்தத்தில் சேர்த்துவிடுகிறது. கடைசியில் வெளியே வருவது ஒன்றரை லிட்டர் அல்லது இரண்டு லிட்டர்தான்.

இந்த நுண்குழலை இரண்டு பகுதிகளாக எண்ணிக்கொள்ளுங்கள். சல்லடைக்கு அருகில் இருப்பது அண்மைக் குழல். தொலைவில் இருப்பது சேய்மைக் குழல்.

அண்மைக் குழலின் வேலை மீட்பது. வடிந்து வரும் நீரில் பைகார்பனேட் என்னும் காரம் நிறைய இருக்கிறது. அமிலத்தை அடக்குவதற்கு உடம்பு வைத்திருக்கும் சேமிப்பு அதுதான். ஐந்தில் நான்கு பங்குக்கு மேலான காரத்தை அண்மைக் குழல் மீட்டு இரத்தத்துக்குத் திருப்பி அனுப்புகிறது. மரத்திலும் மங்கிலும் ஒட்டிய பாலைக்கூட விடாமல் ஒட்டுப்பாலாகச் சேர்த்து எடுத்து வருகிறார்களே, அதுபோல என்று வைத்துக்கொள்ளுங்கள்.

சேய்மைக் குழலின் வேலை தள்ளுவது. அன்றன்று சேர்ந்த அமிலத்தை அது சிறுநீருக்குள் இறைத்து விடுகிறது. அமிலத்தைத் தனியாக அனுப்ப முடியாது. அதை ஏற்றிச் செல்ல ஒரு வண்டி வேண்டும். அந்த வண்டிகளுள் முதன்மையானது எது தெரியுமா? அமோனியா! பாலை உறையாமல் காத்த அதே அமோனியாவைச் சிறுநீரகம் தானே தயாரித்து, அமிலத்தை அதன்மேல் ஏற்றி வெளியே அனுப்புகிறது.

இனி நோயைப் புரிந்துகொள்வது எளிது. சல்லடை நன்றாகவே இருக்கும். குழலில் மட்டும் பழுது ஏற்படும். அதனால்தான், "சிறுநீரகம் கெட்டுப் போச்சா?" என்று கேட்டால் மருத்துவர் உடனே ஆம் என்று சொல்லமாட்டார். டயாலிசிஸ் செய்யும் சிறுநீரகச் செயலிழப்பு வேறு, இது வேறு. ஆனால் இதனைக் கவனிக்காமல் விட்டால் சுண்ணாம்பு படிந்து, கல் அடைத்து, நாளடைவில் அந்த நிலைக்கும் கொண்டுபோய் விடக்கூடும்.

மூன்று வகைகள்

சேய்மைக் குழல் அமிலத்தைத் தள்ளத் தவறுவது முதல் வகை. சிறு பிள்ளைகளிடமும் பெரியவர்களிடமும் இதைக் காணலாம். இதில் நடப்பதைப் படிப்படியாகப் பாருங்கள். அமிலம் உடம்பிலேயே தேங்குகிறது. அதை அடக்கக் காரம் தேவை. உடம்பு எலும்பைக் கரைத்துக் காரத்தை எடுக்கிறது. எலும்பு கரைந்தால் சுண்ணாம்புச் சத்து இரத்தத்தில் கலந்து சிறுநீருக்கு வருகிறது. சிறுநீரிலே சிட்ரேட் என்னும் ஒரு பொருள் இருந்தால் சுண்ணாம்பு படியாமல் காக்கும். ஆனால் அமிலம் தேங்கிய உடம்பு சிட்ரேட்டையும் விடாமல் உறிஞ்சிக்கொள்கிறது. ஆகவே சுண்ணாம்பு சிறுநீரகத்தில் படிந்து கல்லாகிறது. ஒரு பக்கம் எலும்பு மெலிந்து கால் வளைகிறது. மறுபக்கம் சிறுநீரகத்தில் கல் வளர்கிறது. இதோடு பொட்டாசியமும் சிறுநீர் வழியே ஓடிவிடுகிறது. பொட்டாசியம் குறைந்தால் தசைகள் சோர்ந்து போகும். மிகக் குறைந்தால் கைகால் அசையாமற்போகும். இதயத் துடிப்பும் தடுமாறும். சிறுநீரைச் சுண்டவைக்கும் ஆற்றல் குறைந்து தாகமும் சிறுநீரும் பெருகும்.

அண்மைக் குழல் காரத்தை மீட்கத் தவறுவது இரண்டாம் வகை. காரம் சிறுநீரோடு வீணாகிறது. பெரும்பாலும் சர்க்கரை, பாஸ்பேட், புரதத் துணுக்குகள் ஆகியவையும் சேர்ந்தே வீணாகும். இதில் கல் அதிகம் உண்டாவதில்லை. ஆனால் பாஸ்பேட் போய்விடுவதால் எலும்பு மென்மையாகிப் பிள்ளைகளுக்குக் கணை போன்ற எலும்பு நோய் வரும்.

மற்றொரு வகையை மருத்துவர்கள் நான்காம் வகை என்கிறார்கள். மூன்றாம் எண் உடையது மிக அரியது. அதை இங்கே விட்டுவிடுவோம். இந்த நான்காம் வகைதான் பெரியவர்களிடம் அதிகம் காணப்படுவது. அல்டோஸ்டிரோன் என்னும் சுரப்புநீர் குறைவதாலோ, குழல் அதற்குச் செவிசாய்க்காமல் இருப்பதாலோ இது உண்டாகிறது. இதிலே பொட்டாசியம் இறங்காது, ஏறும். இந்த வேறுபாட்டை நன்றாக மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். இதைப் பற்றிப் பிறகு சொல்வேன்.

எதனால் வருகிறது?

பிள்ளைகளுக்கு வரும் முதல் வகை பெரும்பாலும் பிறவியிலேயே அமைவது. நம் உடம்பின் ஒவ்வொரு வேலைக்கும் தாய் கொடுத்த குறிப்பு ஒன்று, தகப்பன் கொடுத்த குறிப்பு ஒன்று என இரண்டு மரபுக் குறிப்புகள் உண்டு. ஒன்றில் பிழை இருந்தாலும் மற்றொன்று சமாளித்துவிடும். பெற்றோர் இருவருமே பிழையான குறிப்பு ஒன்றை, தாம் அறியாமலே சுமந்துகொண்டிருந்தால், ஒவ்வொரு பிள்ளைக்கும் நான்கில் ஒரு பங்கு அளவுக்கு நோய் வரும் வாய்ப்பு உண்டு. மாமன் மகள், அத்தை மகன் என்று நெருங்கிய உறவில் மணம் முடிக்கும்போது இருவரும் ஒரே பிழையைச் சுமக்கும் வாய்ப்புக் கூடுகிறது. உறவில் மணந்த எல்லார் பிள்ளைகளும் நோயாளிகள் ஆவார்கள் என்பது இதன் பொருளன்று. பெரும்பாலோர் நலமாகவே இருக்கிறார்கள். ஆனால் அத்தகைய குடும்பத்தில் ஒரு பிள்ளை வளராமல் நின்றால், மருத்துவரிடம் அந்த உறவைத் தயங்காமல் சொல்ல வேண்டும். இந்தப் பிறவி நோயின் ஒரு பிரிவில் பிள்ளைக்குக் காதும் கேளாமற் போவதுண்டு. ஆகவே காது மந்தமும் வளர்ச்சிக் குறைவும் சேர்ந்து இருந்தால் கட்டாயம் சோதிக்க வேண்டும்.

நம் நாட்டோடு நெருங்கிய தொடர்புடைய ஒரு வியப்பான செய்தியை இங்கே சொல்லியாக வேண்டும். சுங்கை சிப்புட்டிலிருந்து லாசா வழியாக உள்ளே போனால் தெமியார் மக்களின் கிராமங்கள் வரும் என்பது உங்களுக்குத் தெரியும். 1965-ஆம் ஆண்டில் லீ-இஞ்சோ என்னும் ஆய்வாளர், நம் நாட்டு ஓராங் அஸ்லி மக்கள் சிலருடைய இரத்தச் சிவப்பணுக்கள் வட்டமாக இல்லாமல் முட்டை வடிவில் இருப்பதை எழுதினார். மலாய் மக்களிடமும், பாப்புவா நியூகினி, பிலிப்பீன்ஸ் மக்களிடமும் இது காணப்படுகிறது. மலேரியா மிகுந்த இடங்களில் இது ஏன் இவ்வளவு பரவியிருக்கிறது? முட்டை வடிவ அணுக்கள், மூளையைத் தாக்கும் கொடிய மலேரியாவிலிருந்து பிள்ளைகளைக் காக்கின்றன என்று பிற்கால ஆய்வுகள் காட்டின. ரப்பர்த் தோட்டங்களின் தொடக்க காலத்தில் நம் முன்னோரை மலேரியா எப்படி வாட்டியது என்று நினைத்துப் பாருங்கள். இந்த மண்ணின் பழங்குடி மக்களுக்கோ இயற்கையே ஒரு கேடயம் கொடுத்திருந்தது.

அந்தக் கேடயத்துக்கும் சிறுநீரகத்துக்கும் என்ன தொடர்பு? சிவப்பணுவின் மேலுறையில் இருக்கும் ஒரு புரதம் மாறியிருப்பதால்தான் அணு முட்டை வடிவம் அடைகிறது. அதே புரதத்தின் சற்றுக் குட்டையான வடிவம் சிறுநீரகத்தின் சேய்மைக் குழலிலும் இருக்கிறது. அமிலத்தைத் தள்ளும்போது அங்கே உண்டாகும் காரத்தை இரத்தத்துக்குத் திருப்பி அனுப்புவது அதன் வேலை. முட்டை வடிவ அணுவுக்கான குறிப்பு ஒன்று மட்டும் இருந்தால் சிறுநீரகம் பொதுவாக நன்றாகவே இருக்கும். ஆனால் தாயிடமிருந்து இந்த மாற்றமும், தகப்பனிடமிருந்து அதே புரதத்தில் வேறொரு பிழையும் வந்து சேர்ந்தால், பிள்ளைக்கு அமிலத் தேக்கம் உண்டாகிறது. 2000-ஆம் ஆண்டில் வெளிவந்த ஓர் ஆய்வு, மலேசியாவிலும் பாப்புவா நியூகினியிலும் உள்ள குடும்பங்களில் இதைக் கண்டு விளக்கியது. அந்த ஆய்வாளர்களுள் ஒருவர் ஆலிவர் ராங் என்னும் ஆங்கில மருத்துவர். 1959-ஆம் ஆண்டிலேயே, இந்த நோயைக் கண்டுபிடிக்க ஒரு சோதனை முறையைத் தந்தவரும் அவரே. அண்டை நாடான தாய்லாந்தின் வடகிழக்குப் பகுதியிலும், நெல் விளைவிக்கும் ஏழை உழவர்களிடையே இந்த நோய் பரவலாக இருப்பதை மருத்துவர்கள் கண்டிருக்கிறார்கள். ஆகவே இது எங்கோ மேல்நாட்டில் இருக்கும் நோயன்று. அரியதுதான், ஆனால் நம் பகுதிக்குப் புதியதன்று.

பெரியவர்களுக்கு இந்த நோய் வேறு வழிகளில் வருகிறது. நடுவயதுப் பெண்களுக்குக் கண்ணும் வாயும் எப்பொழுதும் உலர்ந்துபோகும் ஜோக்ரென் என்னும் நோயும், லூப்பஸ் என்னும் நோயும் முதல் வகையை உண்டாக்கலாம். ஈயம் உடம்பில் சேர்வதாலும் சில புற்றுநோய், எச்.ஐ.வி. மருந்துகளாலும் இரண்டாம் வகை வரலாம். பழைய பேட்டரிகளை உடைத்து ஈயம் உருக்கும் இடத்தில் பிள்ளைகளை விளையாட விடாதீர்கள்.

இளைஞர்களுக்கு ஒரு சொல். செருப்பு ஒட்டும் பசையையும் தின்னரையும் முகரும் பழக்கம் சில இடங்களில் இருக்கிறது. அவற்றில் உள்ள டொலுயீன் என்னும் வேதிப்பொருள், உடம்பில் அமிலத்தை ஏற்றி, பொட்டாசியத்தைக் கடுமையாக இறக்கிக் கைகாலை முடக்கிவிடும். போதையில் விழுந்து கிடக்கிறான் என்று நாம் திட்டிக்கொண்டிருக்கும் பையன், உயிருக்குப் போராடிக்கொண்டிருக்கலாம். அவனை உடனே மருத்துவமனைக்குக் கொண்டுபோங்கள். என்ன முகர்ந்தான் என்பதை மறைக்காமல் சொல்லுங்கள்.

நாட்டு மருந்தைப் பற்றியும் ஒரு சொல். ஆடுதின்னாப்பாளை, ஈஸ்வரமூலி ஆகிய மூலிகைகளைப் பூச்சி மருந்தாகவும் விஷ முறிவாகவும் நம் பாட்டிமார் கொடுத்து வந்தார்கள். நல்ல எண்ணத்தோடுதான் கொடுத்தார்கள். ஆனால் இந்தச் செடிகளில் உள்ள அரிஸ்டோலோகிக் அமிலம் சிறுநீரகக் குழலை அழிப்பது இன்று ஐயமறத் தெரிந்துவிட்டது. 1993-ஆம் ஆண்டில் பெல்ஜியம் நாட்டில், உடல் மெலிய இவ்வினச் சீன மூலிகை சேர்ந்த மருந்தை உண்ட பெண்கள் பலருக்குச் சிறுநீரகம் பழுதான செய்தி வெளியானது. பிறகு அவர்களுள் சிலருக்குப் புற்றுநோயும் கண்டது. ஆகவே இவ்விரண்டு மூலிகைகளையும் உட்கொள்ள வேண்டாம். பிள்ளைகளுக்கும் கொடுக்க வேண்டாம்.

நான்காம் வகைக்கு முதன்மையான காரணம் நீரிழிவு. நம் நாட்டில் 2019-ஆம் ஆண்டில் எடுத்த தேசிய உடல்நலக் கணக்கெடுப்பில், வயதுவந்தோருள் ஏறத்தாழ ஐந்து பேரில் ஒருவருக்கு நீரிழிவு இருப்பது தெரிந்தது. நீண்ட நாள் நீரிழிவோடு சில இரத்தக் கொதிப்பு மருந்துகளும், மூட்டுவலிக்குக் கடையில் தாமாக வாங்கும் வலி மாத்திரைகளும் சேரும்போது பொட்டாசியம் ஏறிவிடக்கூடும். இரத்தக் கொதிப்பு மருந்தைத் தாமாக நிறுத்த வேண்டாம். அது சிறுநீரகத்தைக் காப்பதற்கும் கொடுக்கப்படுவது. மருத்துவரிடம் கேட்டு இரத்தத்தைச் சோதித்துக்கொண்டால் போதும்.

எப்படி அடையாளம் காண்பது?

பிள்ளைகளிடம் இவற்றைக் கவனியுங்கள். வயதுக்கேற்ற உயரமும் எடையும் ஏறாமை, அடிக்கடி வாந்தி, மலச்சிக்கல், ஓயாத தாகம், அடிக்கடி சிறுநீர், கால் வளைவு, விரைவில் சோர்ந்துபோதல். பெரியவர்களிடம் மீண்டும் மீண்டும் வரும் சிறுநீரகக் கல், எலும்பு வலி, காலையில் எழ முடியாத தசைச் சோர்வு. இவற்றுள் ஒன்று இருந்தாலே இந்த நோய் என்று அஞ்ச வேண்டாம். பிள்ளை வளராமைக்கு வேறு காரணங்கள் பல உண்டு, அவையே மிகுதி. வயிற்றுப்போக்கினாலும் காரம் வெளியேறி இரத்தத்தில் அமிலம் ஏறும். தாகமும் சிறுநீரும் மிகுந்தால் முதலில் நீரிழிவு இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். எதுவானாலும் முடிவு செய்ய வேண்டியவர் மருத்துவரே.

குழந்தை பிறந்ததும் அரசாங்கச் சுகாதார நிலையத்தில் ஒரு புத்தகம் கொடுக்கிறார்களே, அதில் எடையும் உயரமும் குறித்த கோடு இருக்கும். அந்தக் கோடு ஏறாமல் படுத்துவிட்டால் மிசியிடம் காரணம் கேளுங்கள். "எங்க வம்சமே குட்டைதான்" என்று நாமே தீர்ப்புச் சொல்லிவிட வேண்டாம். குட்டையான குடும்பத்துப் பிள்ளைக்கும் கோடு ஏறிக்கொண்டுதான் இருக்கும்; கீழே இருந்தபடி ஏறும். ஏறாமல் நிற்பதுதான் ஆபத்து.

மருத்துவர் செய்யும் சோதனைகள் எளியவை. இரத்தத்தில் பைகார்பனேட், குளோரைடு, பொட்டாசியம் ஆகியவற்றை அளப்பார்கள். பெரியவர்களுக்குப் பைகார்பனேட் 22 முதல் 26 வரை இருப்பது இயல்பு. அமிலம் தேங்கும்போது பைகார்பனேட் இறங்கும், குளோரைடு ஏறும். பிறகு சிறுநீரைச் சோதிப்பார்கள். உடம்பில் அமிலம் மிகுந்தால் நல்ல சிறுநீரகம் அமிலச் சிறுநீரை வெளியிடும். அளவுகோலில் அது 5.5-க்குக் கீழே இறங்கும். இரத்தத்தில் அமிலம் இருந்தும் சிறுநீர் அந்த அளவுக்கு இறங்கவில்லை என்றால், சேய்மைக் குழல் வேலை செய்யவில்லை என்று ஐயப்படுவார்கள். சிறுநீரகத்தை ஸ்கேன் செய்து சுண்ணாம்பு படிந்திருக்கிறதா என்று பார்ப்பார்கள். பிள்ளைகளுக்குக் காதையும் சோதிப்பார்கள்.

மருத்துவம் என்ன?

நேயர்களே, இனிமேல் சொல்லப்போவதுதான் மகிழ்ச்சியான செய்தி. இத்தனை தொல்லை தரும் இந்த நோய்க்கு மருந்து மிக எளியது, விலையும் அதிகமில்லை. குழல் தள்ளாத அமிலத்தை அடக்க, நாம் வெளியிலிருந்து காரம் கொடுக்கிறோம். சோடியம் பைகார்பனேட் மாத்திரை, அல்லது சிட்ரேட் கலந்த நீர்மருந்து, அல்லது பொட்டாசியம் சிட்ரேட். அவ்வளவுதான். சிட்ரேட் உடம்புக்குள் போய்க் காரமாக மாறும். சிறுநீரில் சுண்ணாம்பு படிவதையும் தடுக்கும்.

சிறுவயதிலேயே கண்டு, மருந்தை ஒழுங்காகக் கொடுத்தால், பிள்ளை மற்றப் பிள்ளைகளைப் போல் வளரும். எலும்பு உறுதியாகும். புதிய கல் உண்டாவது குறையும். ஆனால் படிந்துவிட்ட சுண்ணாம்பு பெரும்பாலும் கரையாது. கெட்டுப்போன காதும் இந்த மருந்தால் திரும்பாது. ஆகவேதான் விரைவில் கண்டுபிடிக்க வேண்டும் என்று வற்புறுத்துகிறேன்.

சில விதிகளை மட்டும் மறக்கக் கூடாது.

முதலாவது, பிறவியில் வந்த நோய்க்கு மருந்து ஆயுள் முழுவதும் வேண்டும். பழுதான குழலை இந்த மருந்து திருத்துவதில்லை; குழல் செய்ய வேண்டிய வேலையைத் தான் செய்கிறது. பிள்ளை நன்றாக இருக்கிறாளே என்று நிறுத்தினால் அமிலம் மறுபடியும் தேங்கும். மருந்து உடம்பில் நெடுநேரம் நிற்காது. அதனால் நாளைக்கு மூன்று நான்கு முறை பிரித்துக் கொடுக்கச் சொல்வார்கள். வளரும் பிள்ளைக்கு எடைக்கேற்ப அளவும் மாறும். கிளினிக் தேதியைத் தவற விடாதீர்கள்.

இரண்டாவது, எந்த வகை என்று தெரியாமல் மருந்தோ பத்தியமோ வைத்துக்கொள்ளக் கூடாது. முதல் வகைக்காரருக்குப் பொட்டாசியம் வேண்டும். நான்காம் வகைக்காரருக்கு அது நஞ்சு போன்றது; இளநீரும் வாழைப்பழமும்கூட அளவோடுதான். ஒருவருக்கு மருந்தாவது மற்றொருவரின் இதயத்தை நிறுத்திவிடலாம். பக்கத்து வீட்டுக்காரர் சொன்னார் என்று எதையும் செய்யாதீர்கள்.

மூன்றாவது, சோடா உப்புதானே மருந்து, அடுப்படியிலேயே இருக்கிறதே என்று ஆப்ப சோடாவைக் கரைத்துக் கொடுத்துவிடாதீர்கள். பொட்டாசியம் மிகவும் இறங்கியிருக்கும்போது காரம் மட்டும் கொடுத்தால் அது இன்னும் இறங்கி உயிருக்கே ஆபத்தாகும். அதனால்தான் மருத்துவமனையில் முதலில் பொட்டாசியத்தை ஏற்றிவிட்டுப் பிறகு காரம் கொடுப்பார்கள். கைகால் துவண்டால் அது அவசரம். விடியட்டும் என்று காத்திருக்க வேண்டாம்.

நான்காவது, வாந்தியும் வயிற்றுப்போக்கும் வந்தால் இந்தப் பிள்ளைகள் விரைவில் சோர்ந்துபோவார்கள். மருந்தும் வயிற்றில் தங்காது. உடனே மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டும்.

இரண்டாம் வகைக்கு மருந்தின் அளவு மிக அதிகமாக வேண்டியிருக்கும்; காரணமான மருந்தையோ ஈயத்தையோ விலக்குவதும் முதன்மை. நான்காம் வகைக்கு உணவில் பொட்டாசியத்தைக் குறைத்து, மருந்துகளைச் சீர்ப்படுத்தி, தேவையானால் மாத்திரை கொடுப்பார்கள்.

"இதற்கெல்லாம் ஏது காசு?" என்று தயங்குகிறவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். அரசாங்கச் சுகாதார நிலையத்தில் குடிமக்களுக்குக் கட்டணம் ஒரு வெள்ளி. அங்கே எழுதிக் கொடுத்தால் சுங்கை சிப்புட் மருத்துவமனைக்கோ, ஈப்போ பெரிய மருத்துவமனைக்கோ போகலாம். பெரும் தடை பணமன்று. ஒரு நாள் சம்பளம் போகுமே என்ற எண்ணமும், "சின்னப் பிள்ளைதானே, தானாகச் சரியாகிவிடும்" என்ற எண்ணமும்தான்.

சார்லஸ் டிக்கன்ஸ் என்னும் ஆங்கில எழுத்தாளர் 1843-ஆம் ஆண்டில் எழுதிய ஒரு கிறிஸ்துமஸ் கதையில் டைனி டிம் என்ற ஏழைச் சிறுவன் வருகிறான். குள்ளமானவன், ஊன்றுகோலோடு நடப்பவன், உதவி கிடைக்காவிட்டால் இறந்துபோவான் என்ற நிலையில் இருப்பவன். அவனுக்கு என்ன நோய்? 1992-ஆம் ஆண்டில் டொனால்டு லூயிஸ் என்னும் அமெரிக்கக் குழந்தை மருத்துவர், இந்த அமிலத் தேக்கமாகத்தான் இருக்க வேண்டும் என்று காரணம் காட்டி எழுதினார். உதவி கிடைத்ததும் சிறுவன் பிழைத்துக்கொள்கிறான் அல்லவா? காரம் கொடுத்தால் பிழைக்கக்கூடிய நோய் இது என்பது அவர் வாதம். கதைச் சிறுவனுக்கு என்ன நோய் என்று யாரும் அறுதியிட்டுச் சொல்ல முடியாது. ஆனால் மருத்துவரிடம் போனதால் பிழைத்த பிள்ளையை நான் நேரில் பார்த்திருக்கிறேன்.

என் மாணவி மருந்து தொடங்கிய மறு ஆண்டே பாவாடை கணுக்காலுக்கு மேலே ஏறிவிட்டது என்று அவள் தாயார் சிரித்துக்கொண்டே புது உடை வாங்கினார். பகல் மருந்துப் புட்டி என் மேசையில்தான் இருந்தது. மணி அடித்ததும் அவள் வந்து நிற்பாள்; சிட்ரேட் நீரைத் தண்ணீரில் கலந்து குடித்துவிட்டு முகத்தைச் சுளிப்பாள். இன்று அவள் இடைநிலைப்பள்ளியில் படிக்கிறாள். மருந்தை இன்றும் விடவில்லை.

என் வகுப்பில் இப்பொழுது ஒரு பழக்கம் இருக்கிறது. தண்ணீர் குடிக்க வேண்டும் என்று எந்தப் பிள்ளை கேட்டாலும் அனுமதி கேட்காமலே போகலாம். ஒரே பிள்ளை பலமுறை போனால் நான் கண்டிப்பதில்லை. அன்று மாலையே வீட்டுக்குப் போய்ப் பெற்றோரிடம் பேசுகிறேன். ஆண்டுக்கு இரண்டு முறை சுவரில் கோடு போட்டு எல்லாப் பிள்ளைகளின் உயரத்தையும் குறித்து வைக்கிறேன்.

பெற்றோர்களே, உங்கள் வீட்டுக் கதவு நிலையிலும் ஒரு கரித்துண்டால் பிள்ளையின் உயரத்துக்கு ஒரு கோடு போட்டுத் தேதி எழுதி வையுங்கள். ஆறு மாதம் கழித்து அதே இடத்தில் மறுபடியும் நிறுத்திப் பாருங்கள். கோடு ஏறியிருந்தால் மகிழுங்கள். ஏறாவிட்டால் யாரையும் குறை சொல்லிக்கொண்டிராமல், சுகாதார நிலையத்துக்கு அழைத்துப் போங்கள்.